ஜப்பானிய மௌனப் படங்களில் பெண்கள் அழுவதைத் தவிர வேறு எதுவும் செய்வதில்லையா?

நீங்கள் பார்த்தவை பெரும்பாலும் தம்பிக்காகவோ காதலனுக்காகவோ ஒரு பெண் தன்னையே அழித்துக்கொள்ளும் படங்களாக இருக்கும். அதை வைத்து முடிவு கட்டாதீர்கள். மிக்கியோ நருசே 1934இல் எடுத்த 'ககிரினகி ஹோடோ'வைப் பாருங்கள், அவருடைய கடைசி மௌனப் படம் (முடிவைச் சொல்லப் போகிறேன், வேண்டாம் என்றால் இங்கேயே நிறுத்திவிடுங்கள்).

சுகிகோ டோக்கியோவில் கின்சா பகுதி கஃபே ஒன்றில் பரிமாறுகிறவள். பணக்கார வீட்டுப் பையன் ஒருவனின் கார் அவள்மேல் மோதுகிறது, அதில் தொடங்கிய பழக்கம் கல்யாணத்தில் முடிகிறது. மாமியாரும் நாத்தனாரும் அவளைக் குத்திக்கொண்டே இருக்கிறார்கள். கணவன் கெட்டவன் இல்லை, ஆனால் அவர்களை அடக்கத் துப்பில்லை. அவள் வெளியேறிவிடுகிறாள். அப்புறம் அவன் கார் விபத்தில் அடிபட்டு ஆஸ்பத்திரியில் கிடக்கிறான். அங்கே வரும் சுகிகோ மாமியாரின் முகத்துக்கு நேரே, நீங்கள் நேசித்தது குடும்பப் பெயரைத்தான், உங்கள் பிள்ளையை இல்லை என்று சொல்லிவிட்டுக் கிளம்புகிறாள்.

எங்கள் ஊர்த் திரைப்பட சங்கத்தில் இதைத் திரையிட்டபோது என் அக்கா பக்கத்து நாற்காலியில் இருந்தாள். புகுந்த வீட்டை விட்டு அவள் திரும்பி வந்திருந்த நேரம் அது. படம் முடிந்ததும் ஒரு பெரியவர் எழுந்து, சாகக் கிடக்கிற புருஷனை விட்டுப் போகிறவள் என்ன பெண் என்றார். எனக்குக் கை நடுங்கியது. அக்கா உட்கார்ந்தபடியே, "அவன் நல்லா இருந்தப்போ ஒரு தடவையாவது இவளுக்காகப் பேசினானாங்க?" என்று கேட்டாள். அரங்கில் யாரும் பதில் சொல்லவில்லை. அடிபட்டவனிடம் இரக்கம் வேண்டாமா என்று கீழே எழுத வருகிறவர்களுக்கும் என் பதில் அக்கா கேட்ட கேள்விதான்.

இன்னொரு ஆத்திரமும் உண்டு. அன்று ஆஸ்பத்திரிக் காட்சிக்கு யாரோ ஒரு சோக வயலினைச் சேர்த்திருந்தார்கள், அவள் நிமிர்ந்து நின்று பேசுவதே ஒப்பாரி மாதிரி ஆகிவிட்டது. ஜப்பானில் அந்தக் காலத்தில் திரைக்குப் பக்கத்தில் பென்ஷி என்ற கதைசொல்லி நின்று பேசுவார், சில பென்ஷிகளுக்காகவே கூட்டம் வரும். பேசும் படம் 1931இலேயே வந்தும் அங்கே மௌனப் படங்கள் அதற்குப் பிறகும் சில வருடம் தாக்குப்பிடித்ததற்கு அவர்களும் ஒரு காரணம். அந்தக் குரல் இல்லாத இடத்தில் கண்டதையும் போட்டு நிரப்பாதீர்கள்.

வீட்டில் பார்த்தால் ஒலியை அணைத்துவிட்டே பாருங்கள். பிடித்திருந்தால் அடுத்து நருசே 1933இல் எடுத்த 'யோகோட்டோ நோ யூமே'.