கிளச் மாற்றியும் நிற்காத சத்தம்

கேள்வி: ஒட்டன்சத்திரத்திலிருந்து கோவைக்குக் காய்கறி லோடு ஓட்டுகிறேன். டீசல் வேன். ஐடிலில் கடகடவென்ற சத்தம், எஞ்சினை அணைத்தால் ‘டொக்’கென்று ஒரு இடி. கிளச் பிளேட் சமீபத்தில்தான் மாற்றினேன். மெக்கானிக் ஃப்ளைவீல் (எஞ்சினோடு சுழலும் கனமான வட்டு) போய்விட்டது என்கிறார். நம்பலாமா?
– வாசகர், ஒட்டன்சத்திரம்

பதில்: அணைக்கும்போது வரும் அந்த இடியை வைத்துப் பார்த்தால், அவர் சொல்வதை நம்பலாம். ஆனாலும் கியர்பாக்ஸை இறக்கும் முன் எஞ்சினைத் தாங்கும் ரப்பரான எஞ்சின் மவுண்டைப் பார்க்கச் சொல்லுங்கள். அது கிழிந்தாலும் இதே இடி வரும். கிளச்சை மிதித்தால் மட்டும் சத்தம் வந்தால், காரணம் கிளச்சை விடுவிக்கும் ரிலீஸ் பேரிங்.

உங்கள் வேனில் இருப்பது டூயல் மாஸ் ஃப்ளைவீலா என்று முதலில் கேளுங்கள். இரண்டு வட்டுகள், நடுவே ஸ்பிரிங்குகள். ஸ்பிரிங் தளர்ந்தால் வட்டுகள் ஒன்றோடொன்று மோதும். கியர்பாக்ஸை இறக்கியதும் பக்கத்தில் நின்று பாருங்கள்: வெளி வட்டைக் கையால் இருபுறமும் திருப்பினால் ஸ்பிரிங் எதிர்ப்பே இல்லாமல் லொடலொடவென்று ஆடுகிறதா, உள்ளிருந்து கிரீஸ் கசிந்து கறுத்திருக்கிறதா, வட்டின் முகத்தில் நீலத் திட்டும் வெடிப்பும் உண்டா? இருந்தால் மாற்றத்தான் வேண்டும். லேத்தில் கடைந்து தருகிறேன் என்பவரிடம் கொடுக்காதீர்கள். ஒற்றை வட்டு என்றால், வெடிப்பு இல்லாதபட்சத்தில், கம்பெனி சொல்லும் அளவுக்குள் கடையலாம்.

போல்ட்டுகள் புதிதாக இருக்கட்டும், டார்க் ரெஞ்சில் (அளவு பார்த்து முறுக்கும் ஸ்பேனர்) முறுக்கட்டும். கிராங்க்ஷாஃப்ட்டின் பின்பக்க ஆயில் சீலையும் அப்போதே மாற்றுங்கள். அது கசிந்து ஆயில் பட்டால் புது கிளச் பிளேட்டும் வீண்.

அப்புறம், முழு லோடில் டாப் கியரிலேயே எஞ்சினைத் திணறவிட்டு மேடேறாதீர்கள், ஸ்பிரிங்கைக் கொல்வது பெரும்பாலும் அதுதான்.