நீல க்ரேயான்

அன்புள்ள ஐயா,

என் அக்கா மகனுக்கு ஒன்பது வயது. எட்டு மாதத்துக்கு முன் அப்பாவோடு பைக்கில் போனபோது லாரி மோதியது. மாமா அந்த இடத்திலேயே போய்விட்டார். பையனுக்குக் கை முறிவோடு சரி. "அப்பா பெரியாஸ்பத்திரியில இருக்கார்" என்றுதான் அவனிடம் இன்றுவரை சொல்லிவைத்திருக்கிறோம். ராத்திரியில் படுக்கையை நனைக்கிறான். அக்கா சில சமயம் அடித்துவிடுகிறாள். பொம்மை லாரியைச் சுவரில் மோதவிட்டுக்கொண்டே இருந்தான், எடுத்து ஒளித்துவிட்டோம். மந்திரித்துக் கயிறும் கட்டியாகிவிட்டது. விளையாட்டுச் சிகிச்சை, சிபிடி, இஎம்டிஆர் என்று இணையத்தில் என்னென்னவோ போட்டிருக்கிறது. எது சிறந்தது? நடந்ததைப் பற்றி அவனைப் பேசவைக்கலாமா?

எஸ்., கரூர்

அன்புள்ள எஸ்.,

மூன்று வாரமாக நாகப்பட்டினத்தைப் பற்றி ஒரு கட்டுரையை எழுதுவதும் அழிப்பதுமாக இருக்கிறேன். அதன் நடுவில் உங்கள் கடிதம் வந்து விழுந்தது.

எது சிறந்தது என்பதை முதலில் முடித்துவிடுகிறேன். உலக சுகாதார நிறுவனம் 2013இல் வெளியிட்ட வழிகாட்டுதல், அதிர்ச்சிக்கென்றே வகுத்த சிபிடி (எண்ணத்தையும் நடத்தையையும் மாற்றப் பழக்கும் பேச்சுச் சிகிச்சை), இஎம்டிஆர் (கண்ணை இடமும் வலமுமாக அசைத்தபடியே நடந்ததை நினைக்கவைக்கும் சிகிச்சை) இரண்டையுமே பிள்ளைகளுக்குப் பரிந்துரைக்கிறது. இதில் எதை முறையாகப் பயின்றவர் உங்களுக்குப் பக்கத்தில் கிடைக்கிறாரோ அதுதான் சிறந்தது. அரசு மருத்துவமனையின் மனநலப் பிரிவில் கேளுங்கள், அரசின் மனநல உதவி எண் 14416க்குப் போன் அடியுங்கள், தமிழிலேயே பேசுவார்கள். கயிறு கையில் இருந்துவிட்டுப் போகட்டும், அதோடு எனக்குச் சண்டையில்லை. படுக்கைக்காக இனி ஒரு அடிகூட விழக்கூடாது. லாரியை இன்றைக்கே திருப்பிக் கொடுத்துவிட்டு, அவன் மோதும்போது நீங்களும் பக்கத்தில் உட்காருங்கள்.

ஆனால் தம்பி, பெரியாஸ்பத்திரி! அதுவும் எட்டு மாதமாக! பதினாறாம் நாள் காரியத்தன்று அவனை யார் வீட்டில் கொண்டுபோய் விட்டீர்கள்? மாலை போட்ட படத்தை எந்தப் பீரோவுக்குள் வைத்திருக்கிறீர்கள்? அம்மாவின் நெற்றியை அவன் தினமும் பார்க்கிறான். லாரி வந்ததைப் பார்த்தவனும் அவன்தான், நீங்கள் யாரும் இல்லை. அவனுக்குத் தெரியும். தெரிந்ததாகக் காட்டிக்கொண்டால் நீங்களெல்லாம் உடைந்துபோவீர்கள் என்பதும் தெரியும். ஒன்பது வயசுப் பையன் ஒரு வீட்டையே சுமந்துகொண்டு படுத்தால் படுக்கை நனையாமல் என்ன செய்யும்?

பேசவைக்கலாமா என்று கேட்கிறீர்கள். 2005 ஜனவரியில் நானும் பேசவைக்கப் போனவன்தான். நாகையில் ஒரு கல்யாண மண்டபம், சுனாமியில் எல்லாம் போன மீனவக் குடும்பங்கள். ஒரு அமைப்பின் வேனில், ஒரு நாள் பயிற்சியோடும் ஒரு கட்டு வெள்ளைத் தாளோடும் போய் இறங்கினோம். நாலாம் வகுப்புப் பையன் ஒருவன் தாளை வாங்கிக்கொண்டு, "அலை வரையணுமா சார், வீடு வரையணுமா?" என்று கேட்டான். எங்களுக்கு முன்னால் நான்கு குழுக்கள் வந்துபோயிருந்தன. அவர்கள் விட்டுப்போன க்ரேயான் டப்பாக்கள் ஜன்னல் திண்டில் கிடந்தன. திறந்து பார்த்தேன். மஞ்சளும் பச்சையும் முனை மழுங்காமல் இருந்தன. எல்லா டப்பாவிலும் நீலத்துக்கு மட்டும் மேலே சுற்றியிருந்த காகிதம்தான் மிச்சம்.

அப்போதும் எனக்கு உறைக்கவில்லை. அலைக்குள் அவன் போட்டிருந்த சின்ன உருவத்தைக் காட்டி "இது யாருடா?" என்றேன். "தங்கச்சி" என்றான். "அப்புறம் என்னாச்சு?" என்றேன். கேட்டேனே அதை! பதில் சொல்லாமல் அந்த உருவம் மறையும்வரை அதன்மேல் நீலத்தைத் தேய்த்தான். மறுநாள் கிளம்பும்போது வேன் வரைக்கும் வந்து "நாளைக்கும் வருவீங்களா சார்?" என்றான். வருவேன் என்றேன். அந்தப் படத்தைப் பற்றிப் பத்திரிகையில் எழுதி நல்ல பேரும் வாங்கினேன். அந்த மண்டபத்துக்குத் திரும்பப் போகவில்லை. நீங்கள் சொன்னது ஆஸ்பத்திரிப் பொய், நான் சொன்னது வேன் பொய்.

அதனால் பேசவைப்பதே தப்பு என்று நினைத்துவிடாதீர்கள். இலங்கையின் வடகிழக்கில் போரையும் சுனாமியையும் பார்த்த 31 பிள்ளைகளை வைத்து ஓர் ஆய்வு செய்தார்கள். ஒரு பாதிப் பேருக்கு கிட்நெட் என்ற முறை. அதில் தரையில் ஒரு கயிற்றை நீட்டிப் போடுவார்கள். அதுதான் பிள்ளையின் ஆயுள். நல்லது நடந்த இடத்தில் பூ, கெட்டது நடந்த இடத்தில் கல். அந்தக் கல்லில் நிதானமாக நின்று, கண்ணில் பட்டது, காதில் விழுந்தது, உடம்பு நடுங்கியது எல்லாவற்றையும் பிள்ளை சொல்லச் சொல்ல எழுதி, அடுத்த முறை வாசித்துக் காட்டுவார்கள். ஆறு அமர்வுகள். மற்ற பாதிப் பேருக்கு அதே ஆறு அமர்வுகளில் தியானமும் உடலைத் தளர்த்தும் பயிற்சியும்தான். ஆறு மாதம் கழித்து முதல் குழுவில் 81 சதவீதம் பேர் தேறியிருந்தார்கள், இரண்டாவதில் 71. இத்தனை சின்னக் கூட்டத்தில் அது பெரிய வித்தியாசமே இல்லை. கதையைச் சொன்னவர்களும் தேறினார்கள், சொல்லாதவர்களும் தேறினார்கள். இரண்டு பக்கமும் ஆறு முறை ஒரு ஆள் திரும்பத் திரும்ப வந்து உட்கார்ந்தார் என்பதுதான் என் கண்ணில் படுகிறது. ஆய்வின் முடிவு அதுவல்ல, என் கட்சி அது.

உங்கள் வீட்டிலோ கல்லையே எடுத்து ஒளித்துவிட்டீர்கள், லாரியை ஒளித்த மாதிரி. இந்த ஞாயிற்றுக்கிழமை அக்காவும் நீங்களும் அவன் பக்கத்தில் உட்கார்ந்து "அப்பா செத்துட்டார்" என்று சொல்லுங்கள். சாமிகிட்டப் போனார், நட்சத்திரமானார் எல்லாம் வேண்டாம். "நாங்க பொய் சொல்லிட்டோம்" என்பதையும் சொல்லுங்கள். அவன் கேட்காவிட்டாலும் "உன்னால எதுவும் ஆகலை" என்று சொல்லுங்கள். தன்னால்தான் ஆயிற்று என்று பிள்ளைகள் நினைத்துக்கொள்வார்கள். அழ வந்தால் அவன் முன்னாலேயே அழுங்கள். டாக்டரைத் திங்கட்கிழமை பாருங்கள்.

இன்னொன்று. உங்கள் கடிதத்தை மூன்று முறை படித்துவிட்டேன். அவன் உங்களிடம் என்ன கேட்டான் என்று அதில் ஒரு வரிகூட இல்லை. எட்டு மாதத்தில் ஒன்றுமே கேட்காமலா இருந்திருப்பான்? யோசித்துப் பார்த்து எழுதுங்கள்.