ஹம்மிங்பேர்ட் ஃபீடர் மாட்டினால் நம் ஊரில் என்ன வரும்?

கேள்வி: ஆன்லைனில் சிவப்பு நிற ஹம்மிங்பேர்ட் ஃபீடர் (பூந்தேன் குடிக்கும் அந்தக் குட்டிப் பறவைக்குச் சர்க்கரைத் தண்ணீர் ஊற்றி வைக்கும் குடுவை) ஒன்று வாங்கிக் கோவையில் எங்கள் மொட்டைமாடியில் மாட்டியிருக்கிறேன். இதுவரை ஒரு பறவையும் வரவில்லை. ஆனால் கீழே தோட்டத்தில், பூ முன்னால் ஏதோ ஒன்று அந்தரத்தில் நின்றபடி தேன் குடிப்பதைப் பார்த்திருக்கிறேன். ஃபீடரில் என்ன குறை?

ஃபீடரில் ஒரு குறையும் இல்லை, ஊர்தான் வேறு. ஹம்மிங்பேர்டில் 350க்கும் மேற்பட்ட வகைகள் உண்டு, அத்தனையும் வட, தென் அமெரிக்காவிலும் அதையொட்டிய தீவுகளிலும் மட்டும்தான். அலாஸ்காவிலிருந்து தென் அமெரிக்காவின் கடைக்கோடி வரை இருக்கின்றன, ஆசியாவில் காட்டுப் பறவையாக ஒன்றுகூடக் கிடையாது.

நீங்கள் பார்த்தது பெரும்பாலும் தேன்சிட்டு. அதுவும் சில நொடி இறக்கையடித்து நிற்கும், ஆனால் சீக்கிரமே காம்பைப் பிடித்துத் தொற்றிக்கொண்டுதான் குடிக்கும். பார்த்தது அந்திநேரம், தலையில் இரண்டு உணர்கொம்பு தெரிந்தது, ஒரு நொடிகூட எங்கும் உட்காரவில்லை என்றால் அது பறவையே இல்லை, பருந்து அந்துப்பூச்சி. நீண்ட உறிஞ்சுகுழலை நீட்டிக்கொண்டு அது பூவுக்குப் பூ தாவுவதைப் பார்த்து "ஹம்மிங்பேர்ட் வந்துவிட்டது" என்று வீடியோ போடுகிறவர்கள் ஏராளம்.

சரி, ஏன் இங்கே இல்லை? நம் வெயில் ஒத்துக்கொள்ளாது என்பதெல்லாம் காரணம் இல்லை, பிரேசில், கொலம்பியா போன்ற சூடான நாடுகளில்தான் அவை கொழிக்கின்றன. வேடிக்கை என்னவென்றால், 2004இல் ஜெர்மனியில் கிடைத்ததாக அறிவிக்கப்பட்ட, சுமார் 3 கோடி ஆண்டு பழைய புதைபடிவம் அச்சு அசலாக ஹம்மிங்பேர்ட் போலவே இருந்தது, நீண்ட அலகும் அந்தரத்தில் நிற்கத் தோதான இறக்கை எலும்பும் உட்பட. அதாவது இந்தப் பக்கத்திலும் அவற்றின் உறவினர்கள் இருந்து அழிந்துபோயிருக்கிறார்கள். இன்றுள்ள வகைகள் எல்லாம் தென் அமெரிக்காவில் பெருகிய ஒரே கிளையின் வாரிசுகள். அங்கிருந்து கடல் தாண்டி வரலாமே என்றால், செந்தொண்டை ஹம்மிங்பேர்ட் வெறும் 3 கிராம் எடையை வைத்துக்கொண்டு, கிளம்பும் முன் கொழுப்பேற்றிக்கொண்டு, மெக்சிகோ வளைகுடாவை 800 கிலோமீட்டர் நிற்காமல் கடப்பது உண்மைதான். அட்லாண்டிக் மிகக் குறுகும் இடத்திலேயே அதுபோல் மூன்று மடங்குக்கு மேல். நொடிக்கு 50 தடவை இறக்கையடிக்கும் உடம்புக்கு நடுக்கடலில் தேன் யார் கொடுப்பது?

இதற்கிடையில் ஆப்பிரிக்கா, ஆசியா பக்கம் பூந்தேன் வேலையைத் தேன்சிட்டுகள் பார்த்துக்கொள்கின்றன. இரண்டும் நெருங்கிய சொந்தம்கூட இல்லை, ஹம்மிங்பேர்டுக்கு நெருங்கிய உறவு உழவாரன் குருவி.

இனி உங்கள் ஃபீடர். அதில் உட்காரக் கம்பி இல்லாவிட்டால் தேன்சிட்டுக்குச் சிரமம், ஒரு மெல்லிய குச்சியைக் கட்டிவிடுங்கள். நாலு பங்கு தண்ணீருக்கு ஒரு பங்கு வெள்ளைச் சர்க்கரை போதும். கலர் பொடி, தேன், வெல்லம் எதுவும் வேண்டாம். நம் சூட்டுக்குச் சீக்கிரம் புளித்துவிடும் என்பதால் தினமும் கழுவி மாற்ற வேண்டும், எறும்புத் தொல்லை தனி. என்னைக் கேட்டால் அதைக் கழற்றி வைத்துவிட்டு ஒரு ஹாமிலியா செடி வாங்குங்கள். அதுவும் அமெரிக்கச் செடிதான், அங்கே ஹம்மிங்பேர்ட் மொய்க்கும், இங்கே தேன்சிட்டு விடாது. செம்பருத்தி, இட்லிப்பூ, வாழை இருந்தாலும் வரும். பூச்சிமருந்து மட்டும் அடிக்காதீர்கள், குஞ்சுக்குத் தேன்சிட்டு ஊட்டுவது சிலந்தியும் சின்னப் பூச்சியும். கூடு பின்னவும் சிலந்தி நூல் வேண்டும் என்பதால் மாடி மூலையில் இருக்கும் ஒட்டடையையும் கொஞ்ச நாள் விட்டுவையுங்கள்.