குட்டை வெட்டும்போது தாழி கிடைத்தால் யாரிடம் சொல்வது?

கேள்வி: மயிலாடுதுறை பக்கம் எங்கள் மேட்டு நிலத்தில் மீன் குட்டை வெட்ட பொக்லைன் விட்டோம். பெரிய தாழி ஒன்று உடைந்து வந்தது. உள்ளே எலும்பு, கருப்பு சிவப்புக் கிண்ணங்கள், துருப்பிடித்த கத்தி, சிவப்புக் கல்மணிகள். மணிகளுக்கு ஒருவர் விலை பேசுகிறார். வெளியே சொன்னால் நிலம் போய்விடும் என்கிறார் மச்சான். என்ன செய்யலாம்?

பதில்: விலை பேசுகிறவரை முதலில் அனுப்பிவிடுங்கள். 1972-ம் ஆண்டு தொல்பொருள் சட்டப்படி நூறு ஆண்டு கடந்த பொருளை வாங்கி விற்கும் தொழிலுக்கு உரிமம் வேண்டும். தனியார் அதை வெளிநாட்டுக்கு அனுப்பவே கூடாது. 1976-ல் திருவாரூர் பக்கம் பத்தூரில் ஒரு கூலித் தொழிலாளி மண்ணில் கண்டெடுத்த நடராசர், கை மாறி மாறி லண்டன் போய், அங்கே வழக்கு நடந்து 1991-ல்தான் ஊர் திரும்பினார். கண்டெடுத்தவருக்குக் கிடைத்ததோ சொற்பக் காசு.

உங்களுக்கு நேரடியாகப் பொருந்துவது 1878-ம் ஆண்டு புதையல் சட்டம். பெயரைக் கேட்டு தங்கக் காசு மட்டும்தான் என்று நினைக்க வேண்டாம். மண்ணில் மறைந்திருந்து பத்து ரூபாய்க்கு மேல் பெறும் எதற்கும் அது பொருந்தும். என்ன கிடைத்தது, எங்கே, எந்தத் தேதியில் என்று கலெக்டருக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும். மறைத்தால் கண்டெடுத்தவருக்கு ஓராண்டு வரை சிறை, அதற்குத் துணைபோன நிலக்காரருக்கு ஆறு மாதம் வரை. வி.ஏ.ஓ.விடம் வாயால் சொன்னது கணக்கில் வராது. பதிவுத் தபாலில் அனுப்பி, ஒப்புகை அட்டையைப் பத்திரமாக வையுங்கள்.

இன்னொரு சிக்கல்: கண்டெடுத்தவர் பொக்லைன் ஓட்டுநர் என்றால், உங்களுக்குள் வேறு ஒப்பந்தம் இல்லாதபோது அவருக்கு முக்கால் பங்கு, நிலக்காரரான உங்களுக்குக் கால் பங்கு. மனுவில் அவர் பெயரையும் சேருங்கள். பின்னால் தகராறு வராது. ஆனால் பெரிய தொகையை எதிர்பார்க்காதீர்கள். அரசு எடுத்துக்கொண்டால் மூலப்பொருளின் மதிப்பும் அதில் ஐந்தில் ஒரு பங்கும்தான் தரும். மண்பானைக்கும் துருவேறிய இரும்புக்கும் அது எவ்வளவு வரும், நீங்களே கணக்குப் போடுங்கள்.

மச்சானின் பயம் நியாயமானதுதான், ஆனால் ஒரு மனு போட்டதும் நிலம் போய்விடாது. மத்திய அரசு ஓர் இடத்தைப் பாதுகாக்கப்பட்டதாக அறிவிப்பதற்கு முன் இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்க வேண்டும். உங்கள் ஆட்சேபணையை அப்போது சொல்லலாம். கீழடியில் தென்னந்தோப்புக்காரர்கள் சம்மதம் கொடுத்த இடங்களில்தான் குழி தோண்டினார்கள். சம்மதம் கேட்டு வந்தால், பயிர் நஷ்டம், குழியை மூடித் தருவது, எத்தனை மாதம் என்பதையெல்லாம் எழுத்தில் வாங்கிக்கொண்டு கையெழுத்துப் போடுங்கள். இதில் மட்டும் கொஞ்சம் பிடிவாதமாக இருங்கள்.

அதுவரை குட்டை வேலையை நிறுத்துங்கள். மணியைக் கழுவாதீர்கள், கத்தியின் துருவைத் தேய்க்காதீர்கள், தாழிக்குள் இருக்கும் மண்ணைக் கொட்டாதீர்கள். தூத்துக்குடி மாவட்டம் சிவகளையில் ஒரு தாழிக்குள் இருந்த நெல்லைப் பரிசோதித்துத்தான் கி.மு. 1155 என்ற காலம் கிடைத்தது. உங்கள் மாவட்டத்துச் செம்பியன்கண்டியூரில் 2006-ல் ஒரு பள்ளி ஆசிரியர், தோட்டத்தில் குழி வெட்டியபோது கிடைத்த கற்கோடரியைத் தொல்லியல் துறைக்குக் காட்டப்போய், அதிலிருந்த குறிகளைப் பற்றி அறிஞர்கள் இன்றுவரை பேசுகிறார்கள்.

அப்புறம், டிராக்டரில் ஏற்றிய மண் யார் வீட்டு மனைக்குப் போனது என்பதையும் மனுவில் எழுதிவிடுங்கள். மிச்ச மணிகள் அதில் இருக்கலாம்.