டிபன் டப்பாவின் எடை

மும்பை மாட்டுங்காவிலிருந்து படிப்பு ஆலோசனை கேட்டு வந்த அந்த அம்மா, மகளின் வேதியியல் நோட்டை வழக்கின் சாட்சிப் பொருளைப் போல என் மேசைமேல் வைத்தார். "கடைசிப் பக்கங்களைப் பாருங்கள் சார். பன்னிரண்டாம் வகுப்பு படிக்கிற பெண் செய்கிற காரியமா இது?"

பார்த்தேன். ஆறு கட்டங்கள். பாட்டி டிபன் கட்டுகிறாள். பேத்தி வகுப்பில் தனியாக உட்கார்ந்திருக்கிறாள். மாலையில் டப்பா வீடு திரும்புகிறது. பாட்டி அதைத் திறக்கவில்லை, கையில் தூக்கி எடை பார்க்கிறாள். வசனமே இல்லை.

'ஃபைண்டிங் நீமோ' அனிமேஷன் படத்தின் இயக்குநர் ஆண்ட்ரூ ஸ்டான்டன் 2012இல் ஒரு மேடையில் சொன்னது இதைத்தான்: பார்ப்பவருக்கு நான்கைக் கொடுக்காதே, இரண்டையும் இரண்டையும் கொடு. கூட்டிக்கொள்வது அவர் பாடு. இந்தப் பெண்ணுக்கு அது சொல்லித்தராமலே வந்திருக்கிறது.

ஆகவே, அம்மா, தாய்மாமா பிடிவாதம் பிடிக்கும் கணினிப் பொறியியல் பேச்சை இத்தோடு விடுங்கள். நான்கு வருடம் வகுப்பில் உட்காரப்போவது மாமா அல்ல. சமாதானத்துக்கு நீங்கள் தேடிப்பிடித்த 8 லட்ச ரூபாய் அனிமேஷன் டிப்ளமோவும் வேண்டாம். பாடத்திட்டத்தைப் புரட்டினேன், முழுக்க மென்பொருள், கதைக்கு இரண்டே வாரம். வளையலை அடகு வைத்து வாங்கும் சரக்கா இது?

அவளுக்குப் பொருந்துவது ஸ்டோரிபோர்டு வேலை. உருவங்கள் அசைவதற்கு முன்பே முழுப் படத்தையும் கட்டம் கட்டமாக வரைந்து, ஓட்டிப் பார்த்து, அடித்துத் திருத்துவது. 1993இல் 'டாய் ஸ்டோரி' அந்த நிலையில்தான் தடுக்கி விழுந்தது. நாயகப் பொம்மை சகிக்க முடியாதவனாக இருந்ததால் டிஸ்னி வேலையையே நிறுத்தியது. படத்தை எடுத்துக்கொண்டிருந்த பிக்சார் நிறுவனம் கதையைத் திருத்தியது. 1995இல் படம் வந்தது.

பிக்சார் கலைஞர்களே நடத்தும் கதைப் பாடங்கள் கான் அகாடமி இணையதளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. அவற்றை முதலில் பார்க்கட்டும். பிறகு ஒட்டும் சீட்டுகளில் ஒரு நிமிடக் கதை வரைந்து சுவரில் ஒட்டி, கைபேசியில் படமெடுத்து, வரிசையாக ஓட்டிப் பாட்டிக்குக் காட்டட்டும். விளக்கம் சொல்லக் கூடாது. "இது யாருடி?" என்று பாட்டி எங்கே கேட்கிறாரோ, அந்தச் சீட்டைக் கிழித்து மறுபடி வரைய வேண்டும். இப்படிப் பத்துக் கதை தேறட்டும். ஜனவரியில் யூசீட் என்ற வடிவமைப்பு நுழைவுத் தேர்வையும் எழுதட்டும். எந்தப் பாடப்பிரிவினரும் எழுதலாம். பொவாய் ஐஐடியின் வடிவமைப்புப் பட்டத்துக்கு அதுதான் வாசல்.

மாமா கேட்டால் அனிமேஷன் கலைஞர் ராம் மோகனைப் பற்றிச் சொல்லுங்கள். சென்னைப் பல்கலைக்கழகத்தில் வேதியியல் பட்டம் பெற்றவர், மேற்படிப்பை உதறிவிட்டு 1956இல் இதே மும்பையில் அரசின் படத் தயாரிப்பு அமைப்பான ஃபிலிம்ஸ் டிவிஷனின் கார்ட்டூன் பிரிவில் சேர்ந்தார். 2014இல் பத்மஸ்ரீ வாங்கினார்.

நோட்டை அவளிடமே கொடுத்துவிடுங்கள். வேதியியலில் தேறியாக வேண்டும், அதில் சலுகை இல்லை. கடைசிப் பக்கங்களை மட்டும் கிழிக்காதீர்கள்.