முகம் வரையலாமா, டீச்சர்?

கேள்வி (வாசகி ஒருவர், மேலூர்): என் மகள் ஏழாம் வகுப்பு படிக்கிறாள். வகுப்பில் ‘என் குடும்பம்’ என்று படம் வரையச் சொன்னார்களாம். அவளுடைய தோழி, முஸ்லிம் பிள்ளை, ஒரு வீடும் முருங்கை மரமும் வாசலில் ஐந்து ஜோடிச் செருப்பும் வரைந்திருக்கிறாள். ஆட்களே இல்லை என்று மார்க்கைக் குறைத்துவிட்டார்களாம். ‘எங்க வீட்டுல ஆள் படம் வரையக் கூடாதும்பாங்க’ என்று அழுதிருக்கிறாள். ஆனால் அக்பர் சபை ஓவியமெல்லாம் நாம் பார்த்திருக்கிறோமே? எது சரி, டீச்சர்?

பதில்: முதலில் அந்தப் பிள்ளையிடம் ஒன்று சொல்லிவிடுங்கள். முப்பத்தொரு வருஷம் டிராயிங் டீச்சராக இருந்த நான் அந்தப் படத்துக்கு முழு மார்க் போட்டிருப்பேன். எந்தச் செருப்பு சின்னது, எது தேய்ந்தது என்று பார்த்தாலே வீட்டில் யார் யார் இருக்கிறார்கள் என்று தெரிந்துவிடும்.

உங்கள் கேள்வி எங்கள் வீட்டிலும் இருந்த கேள்விதான். என் அத்தா (அப்பாவை அப்படித்தான் கூப்பிடுவோம்) மதுரை மீனாட்சியம்மன் கோயிலை ஒட்டிய புதுமண்டபத்தில் தையல்காரர். மிஷினுக்குப் பின்னால் தூண், தூணில் ஆளுயரச் சிலை. சித்திரைத் திருவிழா நெருங்கினால் அழகர் வேஷம் போடுகிறவர்களுக்குச் சல்லடமும் தலைப்பாகையும் தைத்து மாளாது. பகல் முழுக்கச் சிலைகளுக்கு நடுவில் இருந்தவர், வீட்டில் தொழுகைக்கு நிற்குமுன் கிப்லா பக்கச் சுவரில், அதாவது தொழும்போது முகம் நோக்கும் மக்கா திசைச் சுவரில், படம் போட்ட காலண்டர் தொங்கினால் திருப்பி மாட்டிவிடுவார். ஒரு நாள் காரணம் கேட்டேன். “அது அவங்க இடம்மா. இது நான் நெத்தி வைக்கிற இடம்” என்றார்.

நான் ஓவிய ஆசிரியர் பயிற்சிக்கு விண்ணப்பம் வாங்கியபோது அத்தாவுக்கு மனசு உறுத்தியது. எங்கள் தெருப் பள்ளிவாசலின் மார்க்க அறிஞரான ஹஜரத்திடம் அழைத்துப் போனார். ஹஜரத் எதையும் மறைக்கவில்லை. குர்ஆன் சிலை வணக்கத்தைக் கண்டிக்கிறது. படம் வரையாதே என்று நேராகச் சொல்லும் வசனம் அதில் இல்லை. ஸபா அத்தியாயத்தின் 13ஆம் வசனம், சுலைமான் நபிக்காக ஜின்கள் செய்து கொடுத்த பொருட்களில் உருவச் சிலைகளையும் சேர்த்தே சொல்கிறது. கடுமை வருவது ஹதீஸில், அதாவது நபிகளின் சொல்லையும் செயலையும் பதிவுசெய்த செய்திகளில். உருவம் செய்தவர்களிடம் மறுமை நாளில் ‘நீங்கள் படைத்ததற்கு உயிர் கொடுங்கள்’ என்று சொல்லப்படும் என்று புகாரி என்ற ஹதீஸ் தொகுப்பில் இருக்கிறது.

அப்புறம் ஒரு சம்பவம் சொன்னார். உருவங்கள் செய்து பிழைக்கும் ஒருவர் நபித்தோழர் இப்னு அப்பாஸிடம் வந்து, ‘என் பிழைப்பே இதுதான், என்ன செய்வேன்?’ என்று கேட்கிறார். இப்னு அப்பாஸ் தாம் கேட்ட எச்சரிக்கையைச் சொல்ல, வந்தவர் முகம் வெளுத்துப்போகிறது. அதைப் பார்த்து, ‘செய்தே ஆகவேண்டும் என்றால் மரங்களைச் செய், உயிரில்லாதவற்றைச் செய்’ என்றாராம் இப்னு அப்பாஸ். மேலூர்ப் பிள்ளை வரைந்த முருங்கை மரத்துக்கு வேர் அங்கே இருக்கிறது.

இந்த ஹதீஸ்களுக்கு ஆலிம்கள், அதாவது மார்க்க அறிஞர்கள், எல்லாரும் ஒரே அர்த்தம் சொல்வதில்லை. உயிருள்ள எதையும் வரையக் கூடாது என்பவர்கள் அதிகம். நிழல் விழும் சிலைக்கு மட்டும்தான் தடை என்றவர்களும் உண்டு. நபிகளின் மனைவி ஆயிஷா நாயகி சிறுமியாக இருந்தபோது பொம்மை வைத்து விளையாடினார், நபிகள் நாயகம் (ஸல்) தடுக்கவில்லை என்பதும் ஹதீஸ்தான். அதே ஆயிஷா வீட்டில் உருவம் போட்ட திரைச்சீலை தொங்கியபோது நபிகள் வெறுத்தார்கள். ஆயிஷா அதைக் கிழித்துத் தலையணையாக்கினார் என்பதும் ஹதீஸ். மேலே தொங்குவது வேறு, கீழே கிடப்பது வேறு. ஹஜரத் எனக்குச் சொன்ன முடிவு: “வணங்கச் சொல்லியா வரையப்போறே? படி, போ.” அவர் வீட்டில் மட்டும் கடைசிவரை ஒரு போட்டோ கிடையாது. அந்த வீட்டின் மேல் எனக்கு இருக்கும் மரியாதை இன்றும் குறையவில்லை.

சரி, அக்பருக்கு வருவோம். அரண்மனையும் புத்தகமும் பள்ளிவாசல் அல்ல. ஜோர்டான் பாலைவனத்தில் குஸைர் அம்ரா என்று ஒரு சின்னக் குளியல் மாளிகை. எட்டாம் நூற்றாண்டில், அன்று இஸ்லாமியப் பேரரசை ஆண்ட உமையா குடும்பத்து இளவரசர் ஒருவர் கட்டியது. உள்ளே சுவர் முழுக்க மனிதர்கள்: வேட்டையாடுகிறார்கள், குளிக்கிறார்கள், மல்லுக்கு நிற்கிறார்கள். அதே உமையா குடும்பம் அதே நூற்றாண்டில் எழுப்பியதுதான் டமாஸ்கஸ் பெரிய பள்ளிவாசல். அங்கே மொசைக்கில் ஆறு ஓடுகிறது, மரங்கள் நிற்கின்றன, மாடி மாடியாக வீடுகள் தெரிகின்றன. ஒரு ஆள்கூட இல்லை. அத்தா சொன்ன ‘அவங்க இடம், நான் நெத்தி வைக்கிற இடம்’ என்ற வித்தியாசத்தை நான் அங்கேதான் முழுசாக உணர்ந்தேன், படத்தில் பார்த்துத்தான்.

புத்தக ஓவியத்தில் எனக்கு மிகப் பிடித்தவர் அல்வாஸிதி. 1237இல் ஹரீரி என்ற அரபு எழுத்தாளரின் மகாமாத் கதைகளைப் பிரதியெடுத்து எழுதி, படமும் போட்டவர். அந்தப் பிரதி இப்போது பாரீஸ் தேசிய நூலகத்தில் இருக்கிறது. அதில் ஒரு கிராமத்துக் காட்சியைப் பாருங்கள்: ஒட்டகத்தில் வந்த இருவர் ஊர்க்காரரோடு பேசுகிறார்கள், பின்னால் ஆடு, கூரையில் கோழி, ஓரமாக ஒரு பெண் நூல் நூற்கிறாள். நம் ஊர்ச் சந்தை ஞாபகம் வரும். அக்பர் இன்னும் ஒரு படி மேலே போனார். ஓவியத்தை வெறுப்பவர்களைத் தமக்குப் பிடிக்காது என்றும், உயிர்களை வரைகிறவன் தன்னால் உயிர் தர முடியவில்லையே என்று உணரும்போது இறைவனைத்தான் நினைக்கிறான் என்றும் அவர் சொன்னதாக அவருடைய சபை வரலாற்றாசிரியர் அபுல் ஃபஸல் எழுதிவைத்திருக்கிறார். ஹதீஸில் எச்சரிக்கையாக வரும் அதே உயிர்க் கேள்வியை அக்பர் பக்தியாகத் திருப்பிக்கொண்டார். எனக்கு இரண்டுமே உண்மையாகப் படுகின்றன.

அந்தப் பிள்ளை வரைய மறுத்தால் வற்புறுத்த வேண்டாம். வரைய ஆசைப்பட்டால் அவள் அம்மா அத்தாவிடம் இதையெல்லாம் பேசிப் பாருங்கள்.

கேள்வி (கல்லூரி மாணவர், திருமங்கலம்): நபிகள் நாயகத்தையே முஸ்லிம்கள் வரைந்திருக்கிறார்கள் என்று ஒரு நண்பன் சொல்கிறான். உண்மையா?

பதில்: உண்மைதான் தம்பி. தப்ரீஸ் நகரில் 1314 வாக்கில் ரஷீதுத்தீன் என்ற அமைச்சரின் உலக வரலாற்று நூலுக்காக வரைந்தபோது முகத்தோடே வரைந்தார்கள். 1595 வாக்கில் உதுமானிய சுல்தான் மூன்றாம் முராதுக்காக முடிக்கப்பட்ட நபி வரலாற்றில் அவர்கள் முகத்தில் வெண்திரை இருக்கும், தலையைச் சுற்றித் தீச்சுடர் போல ஒளி இருக்கும். வரைந்தவர்கள் பகைவர்கள் அல்லர்; அன்பால் வரைந்தவர்கள். அதைக் காட்டி இன்றைக்கு ஒருவர் மனதைப் புண்படுத்துவது வேறு காரியம், அதற்கு நான் துணை வரமாட்டேன். நானும் வரையமாட்டேன்.

இதற்கு இன்னொரு வழியும் கண்டார்கள். நபிகள் மிக உயரமும் இல்லை, குட்டையும் இல்லை என்று தோழர்கள் சொன்ன அங்க அடையாளங்களை அழகான எழுத்தில் எழுதிச் சட்டம் போட்டு மாட்டுவது. இதற்கு ஹில்யா என்று பெயர். 17ஆம் நூற்றாண்டில் ஹாஃபிஸ் உஸ்மான் என்ற துருக்கி எழுத்துக் கலைஞர் அதற்கு நிலையான வடிவம் கொடுத்தார். அதே நூற்றாண்டில் நம் உமறுப்புலவர் என்ன செய்தார்? நபிகளின் வாழ்க்கையை ஐயாயிரத்துச் சொச்சம் பாட்டில் சீறாப்புராணம் என்று பாடினார். அரபு நாட்டில் மழை பெய்கிறது, ஆறு பெருகுகிறது, வயலில் நெல் விளைகிறது! தூரிகை தொடாமல் தமிழில் தீட்டிய ஓவியம் அது. நாட்டுப் படலத்தை வாய்விட்டுப் படியுங்கள்.

கேள்வி (வாசகர் ஒருவர், பரமக்குடி): கீழக்கரைப் பழைய பள்ளிவாசல் தூண்கள் கோயில் தூண் போலவே இருக்கின்றனவே?

பதில்: நம் ஊர்க் கல்தச்சு மரபு அது. தூணின் சதுரம், பட்டை, உச்சியில் உத்தரத்தைத் தாங்கும் போதிகை எல்லாம் அவர்கள் கைப்பழக்கம். கோயிலில் உருவம் வரும் இடத்தில் அங்கே பூவும் கொடியும் வரும். புதுமண்டபத் தூண்களைப் பார்த்த கண்ணோடு கீழக்கரை போய்ப் பாருங்கள். தொழுகை நேரம் தவிர்த்து, கேட்டுக்கொண்டு உள்ளே போங்கள். ஒவ்வொரு பூவும் ஒரு மாதிரி.