கலைந்த குழுவை விடுங்கள், தண்டத் தீர்வை நோட்டீஸை எடுங்கள்

கேள்வி: மன்னார்குடி பக்கத்துக் கிராமம் எங்களுடையது. 2018 தேர்தலில் ஜெயித்து, தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத் தலைவரானேன். பொய் அடங்கலை (பயிர் விவரச் சான்று) வைத்து 34 பேருக்குப் பயிர்க்கடன் கொடுத்ததாகத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 81-வது பிரிவில் விசாரித்து, 2022-இல் குழுவைக் கலைத்துவிட்டார்கள். ஆட்சி மாறியதுதான் காரணம் என்பது ஊருக்கே தெரியும். என் ரிட் மனு நிலுவையில் இருக்கிறது. இப்போது 18 லட்ச ரூபாய்க்கு அதே சட்டத்தின் 87-வது பிரிவில் தண்டத் தீர்வை நோட்டீஸ் வந்திருக்கிறது. கணக்கு வழக்கெல்லாம் செயலாளர்தான் பார்த்தார். இழந்த பதவியும் மானமும் திரும்பக் கிடைக்குமா?

பதில்: பதவி கிடைக்காது. 2018-இல் வந்த குழுவின் ஐந்தாண்டு 2023-இலேயே முடிந்துவிட்டது. ரிட்டில் நாளைக்கே ஜெயித்தாலும் உட்கார நாற்காலி இல்லை. ஆறு மாதத்துக்கு மேல் குழுவைக் கலைத்து வைக்க அரசியல் சாசனம் இடம் தராது என்று யாராவது தைரியம் சொல்லியிருப்பார்கள். அப்படிச் சொல்லும் 9-பி பகுதி மாநிலக் கூட்டுறவுச் சங்கங்களுக்குச் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 2021 ஜூலையில் தீர்ப்பளித்துவிட்டது. ஆட்சி மாற்றக் கதையை எந்த அதிகாரியும் எழுதிக்கொள்ள மாட்டார். அதை வீட்டோடு வைத்துக்கொள்ளுங்கள்.

உங்கள் நிலத்தைத் தொடப்போவது தண்டத் தீர்வை, அதாவது சங்கத்தின் இழப்பை உங்களிடமே வசூலிக்கும் 87-வது பிரிவு உத்தரவு. அதில் முக்கியமாகப் பார்க்க வேண்டியது ஒன்று: சங்கத்துக்கு ஏற்பட்ட இழப்பு உங்கள் நம்பிக்கை மோசடியாலோ, வேண்டுமென்றே காட்டிய அலட்சியத்தாலோ வந்ததா? வெறும் கவனக்குறைவு போதாது. ‘வேண்டுமென்றே’ என்ற அந்தச் சொல்தான் உங்களுக்கு இருக்கும் பெரிய வேலி. அந்த வேலியைத் தலைவர்கள் தங்கள் கையாலேயே பிடுங்கி எறிவதைப் பலமுறை பார்த்துவிட்டேன்.

என்னிடம் வந்த ஒரு முன்னாள் தலைவர், வக்கீலைக் கேட்காமலே நோட்டீஸுக்கு ஒன்பது பக்கம் பதில் எழுதிக் கொடுத்திருந்தார். எட்டரைப் பக்கம் அரசியல். நடுவில் ஒரு வரி: ‘செயலாளர் நீட்டிய இடத்தில் நம்பிக்கையோடு கையெழுத்திட்டேன்.’ படிக்காமல் கையெழுத்துப் போட்டேன் என்று அவரே எழுதிக் கொடுத்த வாக்குமூலம் அது. உத்தரவு முழுவதும் அந்த ஒற்றை வரியின் மேல்தான் நின்றது. பிறகு மேல்முறையீட்டுக்காகத் தீர்மானப் புத்தகத்தைப் புரட்டினோம். கடைசி வரிக்கும் அவர் கையெழுத்துக்கும் நடுவில் இரண்டு விரல்கடை இடம். அதற்குள் வேறு மையில் ஏழு பெயர்கள் நெருக்கி எழுதப்பட்டிருந்தன. முதலிலேயே பார்த்திருந்தால் அதுவே அவருடைய பதிலாக இருந்திருக்கும். அன்றைக்கு அவர் முகத்தைப் பார்க்க எனக்கே மனம் வரவில்லை.

ஆகவே பதில் எழுதும் முன், 81 விசாரணை அறிக்கை, தீர்மானப் புத்தகம், 34 கடன் மனுக்கள், அடங்கல்கள் எல்லாவற்றையும் பார்வையிட எழுத்து மூலம் கேளுங்கள், ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள். ஒவ்வொரு கடனின் தேதியையும் குறியுங்கள். செயல் நடந்து ஏழு ஆண்டு கடந்திருந்தால் அதற்கு 87-இல் நடவடிக்கை தொடங்க முடியாது. செயலாளர் மேல் பழி போடுவதைவிட, அடங்கல் கொடுத்தது யார், மனுவைச் சரிபார்க்கும் பொறுப்பு யாருடையது என்று கடன்வாரியாகக் காட்டுவதுதான் எடுபடும்.

நிலத்தை மனைவி பெயருக்கு எழுதி வைக்கலாமா என்ற யோசனை இந்நேரம் வந்திருக்கும். வேண்டாம். கடனை ஏய்க்க எழுதிய பத்திரத்தை உடைக்கச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 53-வது பிரிவு இருக்கிறது. அந்தப் பத்திரமே உங்கள் உள்நோக்கத்துக்குச் சாட்சியாகிவிடும்.

உத்தரவு பாதகமாக வந்தால் மேல்முறையீடு கூட்டுறவுத் தீர்ப்பாயத்துக்கு. சிவில் கோர்ட்டுக்கு ஓடிக் கெடுவை இழக்காதீர்கள்.

கசப்பான ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். முடிந்தவரை வசூலித்துக் கட்டவையுங்கள். கடன் வாங்கியவர்கள் உங்கள் ஊர்க்காரர்கள்தானே? சம்பா அறுத்து, கொள்முதல் நிலையத்தில் நெல் போட்ட பணம் கைக்கு வரும்போது உடன் நின்று கட்டச் சொல்லுங்கள். சங்கத்துக்கு வந்து சேரும் ஒவ்வொரு ரூபாயும் இழப்புக் கணக்கில் குறையும். ஆளுக்குப் பாதி போட்டு முடித்துவிடலாம் என்று செயலாளர் கூப்பிட்டால், எழுத்தில் இல்லாத எதற்கும் தலையாட்டாதீர்கள். ரசீது கடன் வாங்கியவர் பெயரில், அவருடைய கடன் எண்ணோடு இருக்க வேண்டும். உங்கள் பெயரில் ஒரு ரூபாய் கட்டினாலும் அது ஒப்புதலாகப் படிக்கப்படும்.